எங்கள் ஊர்ச் சொல்

ஊர்தோறும் ஒரு செல்வம் உண்டு. சில ஊர்களில் அது கற்கோயிலாய் உயர்ந்து நிற்கும். சில ஊர்களில் ஏரியாய்ப் பரந்து கிடக்கும். சில ஊர்களில் கைத்தொழிலாய்த் தந்தையிடமிருந்து மைந்தனுக்கு வந்து சேரும். இவற்றைக் கண்ணாற் காணலாம், வழிப்போக்கருக்குச் சுட்டிக்காட்டலாம். கண்ணுக்குப் புலப்படாத செல்வம் ஒன்றும் ஊர்களில் உண்டு. அது மக்கள் நாவில் வாழ்வது. அதற்கு வேலியும் இல்லை; பூட்டும் இல்லை. பேசுவோர் நாணி விட்டுவிடுவாராயின் இரண்டொரு தலைமுறைக்குள் அது மறைந்துபோகும். மாணவர்களே, அத்தகைய செல்வம் ஒன்றை நான் என் கையாலேயே அழிக்க முற்பட்டேன். அக்கதையை உங்களுக்குக் கூறவே இதனை எழுதுகின்றேன்.

என் ஊர் அலங்காநல்லூர். மதுரை மாநகரில் பேருந்து ஏறி வடமேற்கே சென்றால் ஒரு மணி நேரத்திற்குள் அதனை அடையலாம். கிழக்கே அழகர்மலை, வடக்கே சிறுமலைத் தொடர், இடையே நெல்லும் கரும்பும் தென்னையும் செழிக்கும் சமவெளி. இதனிடையே எங்கள் ஊர் அமைந்துள்ளது. இன்று அது பேரூராட்சி. என் இளமையில் வண்டித்தடங்களும் வைக்கோற்போர்களும் நிறைந்த சிற்றூரே.

ஊர்ப்பெயருக்கு எங்கள் பெரியோர் ஒரு காரணம் கூறுவர். அழகர் மலையினின்று இறங்கி வைகைக்கு வரும் சித்திரை விழா முற்காலத்தில் தேனூரில் நடைபெற்றது. திருமலை நாயக்கர் காலத்திலேதான் அது மதுரைக்கு மாறியது. அவர் 1623 முதல் 1659 வரை ஆண்டவர். தேனூருக்குச் செல்லும் வழியில் அழகர் எங்கள் ஊரில் தங்கி அலங்காரம் செய்துகொண்டாராம். அதனால் ஊர் அலங்காரநல்லூர் ஆயிற்றாம். அப்பெயரே நாளடைவில் அலங்காநல்லூர் எனத் தேய்ந்ததாம். இதற்குக் கல்வெட்டுச் சான்று தேடுவோர் தேடுக. எங்களுக்கோ அது பாட்டிமார் வாய்வழி வந்த சான்று.

இவ்வூரார் உழவர். உழவுக்கு நீர் வேண்டும். 1895ஆம் ஆண்டில் பென்னிகுயிக் என்னும் ஆங்கிலப் பொறியாளர் பெரியாற்றின் குறுக்கே அணை கட்டி முடித்தார். மேற்கே ஓடிக் கடலில் கலந்த நீர், மலையைக் குடைந்த வழியாகக் கிழக்கே திரும்பி வைகையில் வந்து விழுந்தது. பேரணை என்னுமிடத்தில் அந்நீரைப் பிரித்துப் பெருங்கால்வாய் ஒன்று எங்கள் பகுதி வயல்களுக்குக் கொண்டுவந்து சேர்த்தது. அப்பெருமகனார் இன்று தம் தாய்நாட்டில் ஃபிரிம்லி என்னும் ஊரின் தேவாலய முற்றத்தில் துயில்கின்றார். அங்கே அவர் கல்லறை. இங்கே அவர் தந்த நீரில் விளைந்த நெல். தைத் திங்களில் அந்நெல் களத்துக்கு வரும். கதிரவனுக்குப் பொங்கலிட்ட மறுநாள் மாட்டுக்குப் பொங்கலிடுவோம். அதற்கும் மறுநாள், தை மூன்றாம் நாள், எங்கள் ஊர் உலகறிந்த ஊராகிவிடும். அன்றுதான் சல்லிக்கட்டு.

முற்காலத்தில் சல்லி என்னும் சிறு நாணயங்களைத் துணியில் முடிந்து காளையின் கொம்பில் கட்டுவர். காளையைப் பிடித்தவனுக்கு அம்முடிப்புப் பரிசு. சல்லியைக் கட்டியதனால் சல்லிக்கட்டு. தை முதல் நாள் அவனியாபுரத்திலும், இரண்டாம் நாள் பாலமேட்டிலும், மூன்றாம் நாள் எங்கள் ஊரிலும் இவ்விழா நிகழும். வாடிவாசல் என்னும் குறுகிய வாயில் வழியே காளைகள் ஒவ்வொன்றாய் வெளிவரும். முதலில் வருவது முனியாண்டி கோயிற்காளை. அதனை எவரும் தொடார். எல்லோரும் கைகூப்பி வழிவிடுவர். அதன் பின்னரே ஏனைய காளைகள் வரும்.

என் இளமையில் எங்கள் வீட்டிலும் ஒரு காளை இருந்தது. செந்நிறமுடையது; ஆதலின் செவலை என்று பெயர். அதனை வளர்த்தவர் என் அப்பத்தா. வைகறையில் எழுந்து பருத்தி விதையை ஆட்டுக்கல்லில் அரைத்துத் தவிட்டோடு கலந்து அதற்கு வைப்பார். மாலையில் கண்மாயில் நீந்தவிட்டு அழைத்துவருவர். ஆடவர் இருவர் சேர்ந்து இழுத்தாலும் அசையாத அக்காளை, அப்பத்தா ஒற்றை விரலில் கயிற்றைச் சுற்றிக்கொண்டு முன்னே நடந்தால் கன்றுபோலப் பின்னே செல்லும்.

நான் ஐந்தாம் வகுப்புப் பயின்ற ஆண்டு அது. வாடிவாசலில் மூக்கணாங்கயிற்றை அறுத்ததும் செவலை மின்னலெனப் பாய்ந்தது. பாய்ந்தவர்கள் சிதறினார்கள். ஓர் இளைஞன் மட்டும் அதன் திமிலைத் தன் இரு கைகளாலும் வளைத்து, மார்பை அதன் தோளோடு பொருத்தி, அது துள்ளிய மூன்று துள்ளலுக்கும் விடாமல் தொங்கினான். பின்பு விலகி, கையுயர்த்தி, கூட்டத்துள் மறைந்தான். எங்கள் செவலை பிடிபட்டதே என்று நான் அழுதேன்.

மறுநாட் காலையில் அவ்விளைஞன் எங்கள் வீட்டு வாயிலில் வந்து நின்றான். காளையை ஒருமுறை பார்த்துச் செல்ல வந்ததாகச் சொன்னான். அப்பத்தா சினங்கொள்வார் என்று எதிர்பார்த்தேன். அவரோ அவனை அமரச் செய்து, இலையிட்டுச் சோறிட்டார். புதுத் துண்டு ஒன்றும் எடுத்து அவன் தோளில் போட்டார். “வாலைத் தொடவில்லை, கொம்பைப் பிடிக்கவில்லை, அதற்கு ஒரு கீறலும் இல்லை. அணைந்தால் இப்படி அணைய வேண்டும், ராசா” என்றார்.

அணைதல்! எங்கள் ஊரார் ஆளும் சொல் அது. காளையைப் பிடிப்பதை மாடு அணைதல் என்பர். பிடிப்பவனை மாடு அணைபவன் என்பர். அது எங்களுக்கு மூச்சுப்போல் இயல்பானது. ஆதலின் அதனை நான் ஒரு சொல்லாகவே அன்று கருதவில்லை.

ஆண்டுகள் சென்றன. பாண்டித்துரைத் தேவர் 1901ஆம் ஆண்டில் மதுரையில் தமிழ்ச்சங்கம் நிறுவினார். அதனைச் சார்ந்த செந்தமிழ்க் கல்லூரியில் நான் இலக்கணமும் இலக்கியமும் பயின்றேன். ஆசிரியர் திருவடியில் அமர்ந்து நன்னூலை நெட்டுருச் செய்தேன். கலித்தொகையை நச்சினார்க்கினியர் உரையோடு கற்றேன். அந்நூலில் முல்லைக்கலி என்றொரு பகுதி உண்டு. பதினேழு பாடல்கள், பாடியவர் சோழன் நல்லுருத்திரன் என்பர். ஆயர்குல இளைஞர் ஏறு தழுவும் காட்சி அப்பாடல்களிலே உயிரோடு நடமாடும். காளையின் நிறத்தையும், கொம்பின் கூர்மையையும், திமிலைப் பற்றித் தொங்குவோரின் துணிவையும் அப்புலவர் தீட்டியிருக்கும் திறத்தை வியந்து வியந்து கற்றேன். தேர்வில் சிறந்த மதிப்பெண்ணும் பெற்றேன். கற்ற கல்வி செருக்கையும் உடன் தந்தது என்பதை அப்போது நான் அறிந்திலேன்.

பின்னர் ஒரு பள்ளியில் தமிழாசிரியரானேன். 1986ஆம் ஆண்டு அரையாண்டுத் தேர்வில் ‘நான் கண்ட திருவிழா’ என்று கட்டுரை வினா ஒன்று கொடுத்தேன். எங்கள் ஊரைச் சேர்ந்த எட்டாம் வகுப்பு மாணவன் ஒருவன் சல்லிக்கட்டைப் பற்றி எழுதியிருந்தான். கையெழுத்துத் திருத்தமாக இல்லை. ஆனால் கட்டுரையில் உயிர் இருந்தது. “என் அண்ணன் மாடு அணைவான்” என்று ஒரு தொடர். அத்தொடரின் கீழே நான் சிவப்பு மையால் கோடிட்டேன். ‘அணைவான்’ என்பதை அடித்துவிட்டு ‘அடக்குவான்’ என்று எழுதினேன். ‘கொச்சை வழக்கு’ என்று ஓரத்தில் குறித்து இரண்டு மதிப்பெண்ணைக் குறைத்தேன்.

விடைத்தாளைப் பெற்றுக்கொண்ட அச்சிறுவன் தயங்கித் தயங்கி என் மேசையருகே வந்தான். “ஐயா, எங்கள் வீட்டில் அணைவது என்றுதான் சொல்வார்கள். அடக்குவது என்றால் வேறு இல்லையா?” என்று கேட்டான்.

எத்துணை நுட்பமான வினா! அன்று எனக்கு அது புலப்படவில்லை. “வீட்டில் பேசுவதையெல்லாம் எழுதினால் அது தமிழாகாது. போய் உட்கார்” என்றேன். வகுப்பு நகைத்தது. அவன் தலைகுனிந்து இடத்தில் அமர்ந்தான். அப்பத்தா சொன்ன அதே சொல்லை நான் அடித்தேன் என்னும் நினைவுகூட எனக்கு எழவில்லை.

முப்பது ஆண்டுகள் உருண்டன. 2014ஆம் ஆண்டு மே 7ஆம் நாள் உச்சநீதிமன்றம் சல்லிக்கட்டுக்குத் தடை விதித்தது. காளைகள் துன்புறுத்தப்படுகின்றன என்பது வழக்குத் தொடுத்தோர் கூற்று. எங்கள் வாடிவாசல் மூடிக் கிடந்தது. 2017ஆம் ஆண்டுப் பொங்கலின்போது ஊர் மக்களும் இளைஞர்களும் வாடிவாசல் முன் அமர்ந்தார்கள். அங்கிருந்த இளைஞர் பலரைக் காவல்துறையினர் பிடித்துச் சென்ற செய்தி பரவவே, சென்னை மெரினாக் கடற்கரையிலும் தமிழகத்தின் பிற நகரங்களிலும் மாணவர்கள் பல்லாயிரவராய்த் திரண்டனர்.

அந்நாள்களில் ஒரு மாலை நானும் வாடிவாசலுக்குச் சென்றேன். நகரத்துக் கல்லூரிகளிலிருந்து வந்த மாணவர் சிலர் என்னைச் சூழ்ந்துகொண்டு, “ஐயா, ஏறு தழுவுதல் என்று பழைய நூலில் இருப்பதாகச் சொல்கிறார்களே, அதன் பொருள் என்ன?” என்று கேட்டனர். எனக்கு உவகை பெருகிற்று. முல்லைக்கலியை எடுத்து விரித்தேன். “ஏறு என்பது காளை. தழுவுதல் என்பது, தாய் மகவை மார்போடு சேர்ப்பது போல், அணை...” என்றேன்.

அங்கே என் நா நின்றது.

தழுவுதலுக்குப் பொருள் கூற வேறு எளிய சொல் இல்லை. அணைதல்தான்! சங்கப் புலவன் தழுவுதல் என்றான்; எங்கள் ஊர் உழவன் அணைதல் என்றான். சொல் வேறு, கருத்து ஒன்றே. ஏறத்தாழ ஈராயிரம் ஆண்டுகளாகக் கருத்துக் கெடாமல் காத்து வந்த அச்சொல்லை, கலித்தொகை கற்ற பண்டிதனாகிய நான் கொச்சையென்று அடித்தேன். அதன் இடத்தில் நான் எழுதிய சொல் யாது? அடக்குதல்! அடக்குபவன் பகைவனை அடக்குவான். அணைபவன் உறவை அணைவான். அச்சிறுவன் வினவியது இதனைத்தான். அவன் அறிந்திருந்தான், நான் அறிந்திலேன்.

இச்சொல்லுக்குள் ஒரு சட்டமே அடங்கியிருப்பதை அப்போது உணர்ந்தேன். அணைபவன் கையில் கருவி எடான். அணைபவன் வாலை முறுக்கான். கண்ணில் பொடி தூவான். ஒரு காளையைப் பலர் சேர்ந்து வீழ்த்தினால் அதற்கு அணைதல் என்று பெயர் இல்லை. ஸ்பெயின் நாட்டிலும் காளையோடு பொருதும் விளையாட்டு உண்டு. அது பெரும்பாலும் வாளால் காளையைக் கொல்வதில் முடிகின்றது. எங்கள் ஊரிலோ பிடிபட்ட காளை தன் தொழுவுக்குத் திரும்புகின்றது. மறுநாட் காலையில் தவிடு உண்கின்றது. இங்கும் வழுவினோர் உண்டு. கொம்புபட்டு உயிர் நீத்த இளைஞரும் உண்டு. அவர் வீடுகளில் பொங்கல் நாள் துயர நாளாகவும் ஆகியிருக்கின்றது. இவற்றை மறைப்பது அறமாகாது. ஆனால் இவற்றைக் கடிவதற்கு உரிய அளவுகோலை நாம் வெளியே தேட வேண்டியதில்லை. என் அப்பத்தா அந்த இளைஞனைப் புகழ்ந்த தொடரிலேயே அது இருக்கின்றது.

2017 சனவரி 21ஆம் நாள் அவசரச் சட்டம் பிறந்தது. நிலையான சட்டமே வேண்டும் என்று எங்கள் ஊரார் வாடிவாசலைத் திறவாதிருந்தனர். 23ஆம் நாள் சட்டப்பேரவையில் சட்டம் நிறைவேறியது. பிப்ரவரி 10ஆம் நாள் அலங்காநல்லூரில் மீண்டும் காளைகள் வந்தன. அச்சட்டம் செல்லும் என்று உச்சநீதிமன்றம் 2023 மே 18ஆம் நாள் தீர்ப்பளித்தது.

பிப்ரவரி 10ஆம் நாள் வைகறையில் காளைகள் வரிசையாய் நின்றன. கால்நடை மருத்துவர்கள் ஒவ்வொன்றாய்ச் சோதித்து உள்ளே விட்டனர். அவ்வரிசையில் ஒரு காரிக்காளையின் கயிற்றைப் பிடித்துக்கொண்டு நரை தொடங்கிய ஒருவர் நின்றார். என்னைக் கண்டதும், “வணக்கம் ஐயா” என்றார். என் பழைய மாணவர்! அருகே அவர் மகன், பன்னிரண்டு வயதிருக்கும், காளையின் கழுத்தைத் தடவிக்கொண்டு நின்றான்.

நான் தயங்கித் தயங்கி அந்தக் கட்டுரையைப் பற்றிக் கேட்டேன். அவர் சிரித்தார். “நினைவிருக்கிறது ஐயா. அதற்குப் பின் எது எழுதினாலும் எங்கள் வீட்டுச் சொல் வந்தால் கை நின்றுவிடும். ஊர்ச்சொல் என்றாலே பிழை என்று ஒதுக்கிவிடுவேன். கட்டுரை எழுதும் ஆசையும் மெல்ல மெல்லப் போய்விட்டது” என்றார். அவர் குரலில் குறை கூறும் தொனி சற்றும் இல்லை. அதுவே என்னை மிகவும் வருத்தியது.

சிறுவனை நோக்கி, “தம்பி, வாடிவாசலில் காளையைப் பிடிப்பதற்கு என்ன பெயர்?” என்று வினவினேன்.

“மாடு அடக்குவது, ஐயா” என்றான் அவன்.

நான் இட்ட சிவப்புக் கோடு ஒரு தலைமுறையைத் தாண்டி அவன் நாவிலும் விழுந்திருந்தது. செய்தித்தாள்களும் மேடைகளும் அச்சொல்லையே பரப்பின என்பது உண்மையே. ஆயினும் அந்த வீட்டில் அதனைக் கொண்டு சேர்த்தவன் நான். அவ்விடத்திலேயே தந்தையையும் மகனையும் நோக்கிக் கூறினேன்: “தம்பி, உன் தந்தை உன் வயதில் சரியாக எழுதினார். நான்தான் தவறாகத் திருத்தினேன். அதற்குப் பெயர் அணைதல். முல்லைக்கலி பாடிய புலவர் இங்கு வந்து நின்றால், நான் எழுதிய சொல்லைக் கேட்டுத் திகைப்பார். உன் தந்தை எழுதிய சொல்லைக் கேட்டு மகிழ்வார்.” என் மாணவர் ஒன்றும் பேசவில்லை. காளையின் கயிற்றை மகன் கையில் கொடுத்துவிட்டு, தோளில் கிடந்த துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார்.

அதன்பின் நான் ஒரு குறிப்பேடு வாங்கினேன். எங்கள் ஊர்ச் சொற்களைக் கேட்டுக் கேட்டு எழுதத் தொடங்கினேன். கரிய காளையைக் காரி என்கின்றோம். முல்லைக்கலியிலும் கரிய காளை காரியே. மாடு அடையும் இடத்தைத் தொழு என்கின்றோம். முல்லைக்கலியில் ஏறுகள் வந்து நிறைந்ததும் தொழுவிலேயே. ஆட்டையும் மாட்டையும் இரவில் வயலில் தங்கவைத்து எருச் சேர்ப்பதைக் கிடை போடுதல் என்கின்றோம். உழுபொறி வந்தது; வயலில் காளைகள் குறைந்தன; காளை குறைந்ததும் அதனைச் சார்ந்த சொற்களும் குறைந்துகொண்டே வருகின்றன. வத்தலக்குண்டு வாழ்வை அறிந்த எழுத்தாளர் சி. சு. செல்லப்பா ‘வாடிவாசல்’ என்னும் புதினத்தில் மாடு அணைபவரின் மொழியை அப்படியே எழுதிக் காத்தார். அவர் நாணவில்லை. பண்டிதனாகிய நானே நாணினேன்.

எங்கள் ஊரை அடுத்த கீழக்கரையில் அரசு பேரரங்கம் ஒன்று கட்டியிருக்கின்றது. 2024 சனவரி 24ஆம் நாள் அது திறக்கப்பட்டது. ஊருக்குள் பழைய வாடிவாசலிலும் விழா வழக்கம்போல் நடைபெறுகின்றது. அரங்கத்தைக் காண ஒருநாள் சென்றேன். கலைஞர் நூற்றாண்டு ஏறுதழுவுதல் அரங்கம் என்பது அதன் பெயர். அப்பெயரைப் படித்ததும் என் கண் கலங்கிற்று. எட்டாம் வகுப்புச் சிறுவன் ஒருவன் கோணற் கையெழுத்தில் எழுதிய சொல்லின் பொருளே அங்கே பெரிய எழுத்தில் நின்றது. நான் குறைத்த இரண்டு மதிப்பெண்ணை இனி எந்தப் பதிவேட்டில் கூட்டுவேன்?

மாணவர்களே! உங்கள் ஊர் சிறிதாயிருக்கலாம். வரைபடத்தில் அதற்கு இடமில்லாமலும் இருக்கலாம். ஆயினும் அங்கே உங்கள் அப்பத்தாவோ அம்மாச்சியோ திண்ணையில் அமர்ந்து பேசிக்கொண்டிருப்பார். அருகே அமருங்கள். விதைக்கும், மண்ணுக்கும், மழைக்கும், மாட்டுக்கும் அவர் இடும் பெயர்களைக் கேளுங்கள். ஒரு குறிப்பேட்டில் எழுதுங்கள். செம்மையாக எழுதக் கற்பது உங்கள் கடமை. ஆனால் ஒரு சொல்லைப் பிழையென்று தள்ளுமுன் அது எங்கிருந்து வந்தது என்று ஒருமுறை வினவுங்கள். அன்று என் மேசையருகே வந்து நின்ற சிறுவன் வினவியதுபோல் வினவுங்கள். ஆசிரியர் உடனே விடை கூறாவிடினும் அவ்வினாவை விட்டுவிடாதீர்கள்.